ஊசி கோர்க்கும் ஓட்டம்

தங்கச்சியின் பேத்தி வந்து மூன்று கிழமை ஆகிறது. வந்த நாளிலிருந்து நித்திரைதான். காலையில் எழும்பித் தேத்தண்ணி குடித்து, இரண்டு இடியப்பத்தைக் கொறித்துவிட்டு மறுபடியும் போய்ப் படுத்துவிடுவாள். மத்தியானம் எழுப்பினால் எழும்பிச் சாப்பிடுவாள். பிறகும் நித்திரை. ஒலிம்பிக்குக்கு இரண்டு தரம் போய் வந்த பிள்ளையைப் பார்க்க ஒழுங்கையில் உள்ள அவ்வளவு பேரும் வருகிறார்கள். "பிள்ளை நித்திரை" என்று சொல்லிச் சொல்லி எனக்கு வாய் ஓய்ந்துவிட்டது. நேற்று நிலாவெளியிலிருந்து மீன் கொண்டு வருகிறவரும் சைக்கிளை நிறுத்திக் கேட்டார்.

"என்னக்கா, இன்னும் எழும்பேல்லையோ? பதக்கத்த ஒருக்காக் காட்டச் சொல்லுங்கோவன்."

"பதக்கம் இல்லைத் தம்பி. பாரை மீன் இருந்தா அதைக் காட்டும்."

அவள் செய்த விளையாட்டை விளங்கப்படுத்துவதற்கும் எனக்கு இப்போது தெம்பில்லை. அவள் நோர்வேயில் பிறந்தவள். அங்கே பிள்ளைகள் நடக்கப் பழகும்போதே காலில் பலகையைக் கட்டிவிடுவார்கள் போலிருக்கிறது. முதுகில் துவக்கை மாட்டிக்கொண்டு, அந்தப் பலகைகளில் பனிக்கு மேலே மூச்சு முட்ட முட்ட ஓட வேண்டும். ஓடி வந்த கையோடு குப்புறப் படுத்து, தூரத்தில் தேசிக்காய் அளவில் தெரிகிற ஐந்து கறுப்புப் பொட்டுகளைச் சுட வேண்டும். திரும்ப ஓட வேண்டும். பிறகு நின்றபடி சுட வேண்டும். ஒரு பொட்டுத் தப்பினால் அதற்குத் தண்டனையாக ஒரு சுற்று மேலதிகமாக ஓட வேண்டும். சின்ன வயதில் தொடங்கி முப்பது வயதுவரை இதைத்தான் செய்தாள். முதல் ஒலிம்பிக்கில் எங்கேயோ நடுவில் வந்தாள். இரண்டாவதில் நாலு பேர் மாறி மாறி ஓடுகிற ஓட்டம் ஒன்று இருந்தது. அவளுடைய முறை வந்தபோதுதான் எல்லாம் பிந்தியது. மற்ற மூன்று பெட்டைகளும் ஒரு பக்கம் நின்றார்கள், இவள் ஒரு பக்கம் நின்றாள். கைபேசியில் அதைப் பார்த்துவிட்டு நான் அன்று சமைக்கவில்லை.

வலக்கண்ணில் நடுவாலே புகை படிந்துவிட்டதாம். நேரே பார்த்தால் பொட்டு இல்லை, கொஞ்சம் பக்கத்தால் பார்த்தால் இருக்கிறதாம். அதை யாருக்கும் சொல்லாமல் இரண்டு பனிக்காலம் ஓடியிருக்கிறாள். போன பனிக்காலம்தான் வாய் திறந்து சொன்னாள். சொல்லிவிட்டுத் துவக்கையும் கொடுத்துவிட்டு இங்கே வந்து படுத்திருக்கிறாள்.

முந்தநாள் பின்னேரம் நானாக ஒன்றும் கேட்காமல் தானே கதைத்தாள்.

"ஓடி வந்து படுக்கேக்க நெஞ்சு அடிக்கிறது துவக்குக்குக் கேக்கும், பெரியம்மம்மா. ரெண்டு அடிக்கு நடுவில ஒரு சின்ன இடம் கிடக்கு. அதுக்குள்ள சுட்டுப்போடோணும்."

"தெரியும்."

"உங்களுக்கு எப்பிடித் தெரியும்?" என்று சிரித்தாள். வந்த பிறகு அவள் சிரித்ததை அன்றுதான் கண்டேன்.

"நானும் ஓடினனான்" என்றேன்.

எனக்குப் பத்து வயது. தங்கச்சி, இவளுடைய அம்மம்மா, அப்போது தவழ்கிற குழந்தை. ஐயா காய்ச்சலில் போய் ஒரு வருடமும் ஆகவில்லை. உட்துறைமுகப் பக்கம் ஒரு ஒழுங்கையில் ஓலை வீட்டில் இருந்தோம். அம்மா துறைமுகத்தில் கொடி தைக்கிற கொட்டிலில் வேலை செய்தாள். வந்து போகிற கப்பல்களுக்கு எல்லாம் கொடி வேண்டும். அந்தந்த நாட்டுக் கொடி, சைகை காட்டுகிற கொடி என்று எத்தனையோ வகை. துணியை மெஷினில் அடித்துவிடுவார்கள். ஆனால் கொடியின் ஓரத்தில் கயிறு வைத்துத் தைப்பது கையால்தான். காற்று பிடித்து இழுப்பது அந்த ஓரத்தைத்தானே. அம்மா தைத்த ஓரம் கடலில் கிழிந்து வந்ததாக ஒரு கதை கிடையாது. இதை நான் பெருமைக்குச் சொல்லவில்லை. பெருமைக்குத்தான் சொல்கிறேன், வேறு எதற்கு?

ஒவ்வொரு நாளும் விடியப்புறம் என்னுடைய வேலை ஒன்று இருந்தது. அம்மாவுக்கு முப்பது ஊசி கோர்த்துக் கொடுக்க வேண்டும். நூலை இரண்டு கை நீளத்துக்கு வெட்டி, ஊசியில் கோர்த்து, பழைய கம்பளித் துண்டொன்றில் வரிசையாகக் குத்திவைப்பேன். அம்மா அதைச் சுருட்டிச் சோற்றுப் பார்சலுக்குக் கீழே வைத்துக்கொண்டு போவாள். கொட்டிலில் ஒரு ஊசி முடிந்ததும் அடுத்த ஊசியை எடுப்பாள். பின்னேரம் முப்பதும் வெறும் ஊசியாகத் திரும்பி வரும். நான் எழும்பும்போது கம்பளித் துண்டு, நூல், விளக்கு எல்லாம் எனக்கு முன்னால் ஆயத்தமாக இருக்கும். நான் படுக்கும்போதும் அம்மா இருந்தபடியே இருப்பாள். அம்மா நித்திரை கொண்டதை அந்த வருடம் முழுக்க நான் கண்டதேயில்லை.

ஊசிக்கண் அம்மாவுக்குத் தெரியாது என்பது எனக்குத் தெரியும். பெரிய ஆட்களுக்கு அப்படித்தான் என்று நினைத்திருந்தேன். றோட்டில் யாரும் சிரித்தால் அம்மா திருப்பிச் சிரிக்கமாட்டாள். ஒருவரோடு கதைக்கும்போது தலையைக் கொஞ்சம் சரித்து, அவருக்குப் பக்கத்தில் வேறு யாரோ நிற்பதுபோலப் பார்ப்பாள். "புருசன் போயும் தலைக்கனம் போகேல்ல" என்று குழாயடியில் கதைத்தது என் காதிலும் விழுந்தது. தலைக்கனம் நல்ல சாமான் என்று எனக்குத் தோன்றியது. நானும் தலையைச் சரித்துப் பார்த்துப் பழகினேன்.

சித்திரை வருடப் பிறப்புக்கு அடுத்த நாள் கடற்கரை வெளியில் விளையாட்டுப் போட்டி வைத்தார்கள். சாக்கோட்டம், தேசிக்காய் ஓட்டம், முட்டி உடைத்தல் எல்லாம் இருந்தன. பத்துப் பன்னிரண்டு வயதுப் பெட்டைகளுக்கு ஊசி கோர்க்கும் ஓட்டம். பாதித் தூரத்தில் ஒரு நீள வாங்கு போட்டிருப்பார்கள். அதில் ஊசியும் நூலும் இருக்கும். ஓடிப்போய்க் கோர்த்து, கோர்த்த ஊசியோடு மறு கோட்டுக்கு ஓட வேண்டும். கேள்விப்பட்ட நிமிடமே அது எனக்காகவே வைத்த ஓட்டம் என்று முடிவு செய்துவிட்டேன்.

அம்மா மறித்தாள். "சாக்கோட்டம் ஓடு. ஊசி ஓட்டம் வேண்டாம்."

"ஏனம்மா?"

"வேண்டாமெண்டா வேண்டாம்."

அவ்வளவுதான். காரணம் சொல்லவில்லை. நான் வெல்லுவது அம்மாவுக்குப் பிடிக்கவில்லை என்று நினைத்து மூக்கால் அழுதுகொண்டு மாமாவிடம் போனேன். மாமா அம்மாவின் தம்பி. கப்பலுக்குச் சாமான் ஏற்றுகிற வள்ளத்தில் வேலை. ஒரு நாளில் அவர் செய்கிற வேலையைவிட அதைப் பற்றிக் கதைக்கிற கதை கூட. அம்மாவுக்குத் தெரியாமல் பெயரைக் கொடுத்தது அவர்தான். அது போதாதென்று போட்டி அன்று காலையில் என்னை வேலிக்குப் பின்னால் கூப்பிட்டு, என் பெருவிரலிலும் சுட்டுவிரலிலும் மெழுகுதிரியைத் தேய்த்துவிட்டார்.

"இந்த விரலால நூலை ஒருக்கா உருவினியெண்டா, நூல் ஈர்க்கு மாதிரி நெட்டுக்கு நிக்கும்."

"இது களவில்லையோ மாமா?"

"களவில்லையடி ராசாத்தி, புத்தி!"

எனக்கு மெழுகு தேவையில்லை. அதை அவருக்குச் சொல்லியிருக்கலாம். அவருடைய ஆசையைக் கெடுப்பானேன் என்று விட்டுவிட்டேன்.

எட்டுப் பேர் ஓடினோம். நான் நல்ல ஓட்டக்காரி இல்லை. வாங்குக்கு மூன்றாவதாகத்தான் போய்ச் சேர்ந்தேன். நெஞ்சு காதுக்குள் அடித்தது. மற்றவர்கள் ஊசியையும் நூலையும் ஒன்றோடொன்று சண்டைக்கு விட்டதுபோலக் குத்திக்கொண்டிருந்தார்கள். நான் நூலின் முனையைப் பல்லால் சரித்துக் கடித்தேன். மூச்சை வெளியே விட்டுவிட்டுப் பொறுத்தேன். நெஞ்சு ஒரு தரம் அடித்து அடுத்ததற்குப் போகுமுன் ஒரு சின்ன அமைதி வரும். விடியப்புறத்து விளக்கடியில் நான் கண்டுபிடித்து வைத்திருந்த இடம் அது. நூல் தானாகவே போனது. நான் மறு கோட்டைத் தாண்டித் திரும்பிப் பார்க்கும்போது ஏழு பேரும் இன்னும் வாங்கடியிலேயே நின்றார்கள்.

சனம் கைதட்டியது. மாமாவுக்குத் தலைகால் தெரியவில்லை. என்னைத் தூக்கித் தோளில் வைத்துக்கொண்டு, "பாத்தீங்களோ என்ர மெழுகின்ர வேலையை!" என்று கத்தினார்.

பக்கத்தில் கோட்டடிப் பகுதியிலிருந்து வந்த மனுசி ஒருத்தி நின்றாள். இரண்டாவதாக வந்தது அவளுடைய மகள்.

"மெழுகோ? சேர், கேட்டீங்களே! மெழுகு பூசிக்கொண்டு வந்திருக்கிறாள். விரலை மணந்து பாருங்கோ!"

மாமா என்னை மெல்லக் கீழே இறக்கிவிட்டார். அவருடைய முகம் மழையில் நனைந்த கடுதாசி போலாகிவிட்டது. போட்டி நடத்திய மாஸ்ரர் என் கையைப் பிடித்து உண்மையாகவே மணந்து பார்த்தார். பிறகு என்ன செய்வதென்று தெரியாமல் பரிசு கொடுக்க வந்திருந்த நோனாவைப் பார்த்தார்.

நோனா என்று மரியாதையாகக் கூப்பிடுவோம், அவர்தான் கொடிக் கொட்டிலுக்குப் பொறுப்பானவர். மூக்குக் கண்ணாடி போட்ட உயரமான மனுசி. அதிகம் கதைக்கமாட்டார். "கையைக் கழுவிக்கொண்டு வரட்டும்" என்றார். சவர்க்காரம் போட்டு இரண்டு தரம் கழுவினேன். நோனா தன் கைப்பையிலிருந்து ஐந்து ஊசி எடுத்தார். கொட்டிலில் பாவிக்கிற தடித்த ஊசி இல்லை, சட்டை தைக்கிற மெல்லிய ஊசி. பட்டு நூலும் தந்தார். சனம் சுற்றி நின்றது. கோட்டடி மனுசி எனக்கு மூச்சு முட்டுகிற அளவுக்குக் கிட்ட வந்து நின்றாள்.

ஒன்று, இரண்டு என்று சனம் எண்ணத் தொடங்கியது. ஐந்து எண்ணி முடிக்கவும் ஐந்தும் கோர்த்தாகிவிட்டது. கோட்டடி மனுசி, "சரி சரி, பெட்டைக்குக் கை இருக்கு" என்று சொல்லிவிட்டு மகளை இழுத்துக்கொண்டு போனாள்.

நோனா குனிந்து கேட்டார். "ஆர் பழக்கினது?"

நான் அங்கே நிறுத்தியிருக்கலாம். பொய் சொல்லவும் தேவையில்லை, ஒருவரும் பழக்கவில்லை என்று மட்டும் சொல்லியிருந்தால் போதும். ஆனால் என்னைக் கள்ளி என்று சொன்ன சனத்துக்கு முன்னால் நிற்கிறேன். கொஞ்சம் தள்ளி வேப்பமரத்துக்குக் கீழே தங்கச்சியை இடுப்பில் வைத்துக்கொண்டு அம்மா நிற்கிறாள். அவளுக்கும் கேட்கட்டும் என்று உரத்துச் சொன்னேன்.

"ஒருத்தரும் பழக்கேல்ல. நான் ஒவ்வொரு நாளும் எங்கட அம்மாக்கு முப்பது ஊசி கோத்துக் குடுக்கிறனான். அம்மாக்கு ஊசிக்கண் தெரியாது. கொட்டிலுக்குக் கொண்டு வாறது முழுக்க நான் கோத்தது!"

கொட்டிலில் வேலை செய்கிற பெண்கள் நாலைந்து பேர் கூட்டத்தில் நின்றார்கள். அதில் ஒருத்தி வாயில் கை வைத்ததைக் கண்டேன். என் கெட்டித்தனத்தைக் கேட்டு வியந்துபோனாள் என்று நினைத்தேன். நோனா நிமிர்ந்தார். என் தலைக்கு மேலால் வேப்பமரத்தடியைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு பரிசுக்கு வைத்திருந்த எனாமல் கோப்பையை என் கையில் தந்து, "கெட்டிக்காரி" என்றார். அந்தச் சொல்லைச் சொல்ல அவருக்கு ஏன் அவ்வளவு நேரம் எடுத்தது என்று நான் யோசிக்கவில்லை.

வீட்டுக்கு வரும் வழியில் அம்மா ஏசவில்லை. தங்கச்சியை மாமா வாங்கிக்கொண்டார். அம்மா என் தோளில் கை வைத்தபடி நடந்தாள். றோட்டில் இறங்கினால் எப்போதும் அப்படித்தான் நடப்பாள். பாசத்தில் வைக்கிற கை என்று நினைத்திருந்தேன்.

விடுமுறை முடிந்து கொட்டில் திறந்த அன்று வழமைபோல முப்பது ஊசி கோர்த்துக் கொடுத்தேன். அம்மா வாங்கிக்கொண்டு போனாள். பத்து மணிக்குத் திரும்பி வந்துவிட்டாள். கம்பளித் துண்டை மேசையில் வைத்தாள். விரித்துப் பார்த்தேன். ஒரு ஊசிகூடத் தொடவில்லை, முப்பதும் நூலோடு அப்படியே இருந்தன.

"ஏனம்மா வந்திட்டீங்கள்?"

"வேலை இல்லை" என்று சொல்லிவிட்டுப் பாயைப் போட்டுப் படுத்துவிட்டாள்.

கொட்டிலில் நடந்ததை மாமா பிறகு ஒரு நாள் சொன்னார். நோனா ஒரு ஊசியையும் நூல் கட்டையையும் அம்மாவின் கையில் கொடுத்து, "எனக்கு முன்னால கோத்துக் காட்டு" என்றாராம். அம்மா தலையைச் சரித்தும் பார்த்தாளாம், நிமிர்த்தியும் பார்த்தாளாம். மற்றப் பெண்கள் ஒருவரும் தலை தூக்கவில்லையாம். கடைசியில் அம்மாவே ஊசியை மேசையில் வைத்து, "எனக்கு ஏலாது நோனா. எட்டு மாசமா ஏலாது" என்று சொன்னாளாம்.

எனக்கு அது ஒன்றும் தெரியாது. எனக்குத் தெரிந்தது, அம்மா பகலில் படுத்திருக்கிறாள் என்பது மட்டும்தான். அம்மா பகலில் படுத்து நான் கண்டதில்லை. பின்னேரமானது, எழும்பவில்லை. தங்கச்சி அழுதாள், எழும்பவில்லை. அடுத்த நாளும் படுத்திருந்தாள். மாமா பாண் வாங்கி வந்து தந்தார். நான் எனாமல் கோப்பையில் தேத்தண்ணி ஊற்றிக்கொண்டு போய் "அம்மா, அம்மா" என்று கூப்பிட்டேன். கண்ணைத் திறந்து இரண்டு மிடறு குடித்துவிட்டு மறுபக்கம் திரும்பிப் படுத்தாள். ஊசி ஓட்டம் வேண்டாமென்று மறித்தும் ஓடியதற்குத்தான் இந்தக் கோபம் என்று நினைத்தேன். என்னோடு கதைக்காமல் இருப்பதற்காகவே கண்ணை மூடிக்கொண்டு கிடக்கிறாள் என்று நினைத்தேன். கொட்டில் பெண்கள் விசாரிக்க வந்தார்கள். வாசலில் நின்று, "அம்மா என்னோட கோவம்" என்று அவர்களுக்குச் சொன்னேன். அவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துவிட்டுப் போனார்கள்.

மூன்றாம் நாள் விடிய அம்மா எழும்பினாள். முழுகினாள். தலையை இழுத்து முடிந்துகொண்டு என்னையும் கூட்டிக்கொண்டு கொட்டிலுக்குப் போனாள். நோனாவுக்கு முன்னால் போய் நின்று, கெஞ்சாமல், "தைக்கிறது என்ர விரல், நோனா. கண் இந்தா நிக்குது" என்று என்னை முன்னே தள்ளிவிட்டாள். நோனா என்னைப் பார்த்தார். அம்மாவைப் பார்த்தார். பிறகு ஒரு முக்காலியைக் காட்டினார்.

பள்ளிக்கூடம் திறந்தபோது நான் போகவில்லை. முக்காலியில் இருந்து ஊசி கோர்த்தேன். அதையும் வெற்றிக்குக் கிடைத்த இன்னொரு பரிசு என்றுதான் நினைத்தேன். என்னோடு படித்தவர்கள் புத்தகத்தோடு போகும்போது, நான் வேலைக்குப் போகிறேன் என்று தலையைச் சரித்துப் பார்த்துக்கொண்டு போனேன். எழுத்துக் கூட்டி வாசிப்பதோடு என் படிப்பு நின்றது. அதில் எனக்குக் கவலை இல்லை என்று சொன்னால் பொய். இருக்கிறது என்று சொல்ல எனக்கு விருப்பமில்லை. தங்கச்சி படித்தாள். அது காணும், வேறு என்ன வேண்டும்? எனாமல் கோப்பை மாமாவிடம் போய்ச் சேர்ந்தது. சாகும்வரை அதில்தான் தேத்தண்ணி குடித்தார், அதைத் தான் வென்றதாகவும் கதை விட்டார்.

இதையெல்லாம் பேத்திக்குச் சொல்லி முடித்தபோது அவள் கட்டில் விளிம்பில் குந்தியிருந்தாள். பிறகு தலையைச் சரித்து என்னைப் பார்த்தாள்.

"பெரியம்மம்மா, அப்ப என்ர கண்ணும் உங்களுக்குத் தெரியுமோ?"

"தெரியும்."

"எப்ப இருந்து?"

"முந்தின பனிக்காலத்துக்கு முந்தி. படுத்துத் துவக்கில கன்னத்த வைக்கேக்க உன்ர தலை புதுசா ஒரு மாதிரிச் சரிஞ்சுது. கைபேசியில ரெண்டு மூண்டு தரம் போட்டுப் பாத்தனான்."

"ஏன் சொல்லேல்ல?"

"ஒருக்கா அம்மான்ர கண்ணைச் சொன்னனான். அது காணுமெண்டு இருந்திட்டன்."

அவள் கோபிப்பாள் என்று நினைத்தேன், கோபிக்கவில்லை. கைகளை மடியில் வைத்து விரல்களைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"தப்பினதுக்கு ஓடுற சுற்று இருக்கெல்லோ, அதை ஓடேக்க ஒவ்வொரு முறையும் நினைப்பன். ஆராவது ஒராள் கண்டுபிடிச்சு, உன்ர கண் பிழைச்சுப்போச்சு, இனி ஓடாதை எண்டு சொன்னா நல்லம், நான் படுத்திடுவன் எண்டு. எனக்குச் சரியான களைப்பு, பெரியம்மம்மா."

சொல்லிவிட்டுச் சரிந்து படுத்தாள். நான் போர்வையை இழுத்துவிடுமுன் நித்திரையாகிவிட்டாள். வாய் கொஞ்சம் திறந்திருந்தது. எட்டு மாதமாக நித்திரை இல்லாத ஒருத்தி பாயில் கிடந்ததும் அப்படித்தான். தேத்தண்ணிக் கோப்பையோடு பக்கத்தில் நின்று நான் அந்த முகத்தை இரண்டு நாள் பார்த்துக்கொண்டிருந்தேன். அதில் கோபம் ஒரு துளிகூட இருக்கவில்லை. எழுபத்தைந்து வருடமாக அதை அங்கே வைத்துக்கொண்டிருந்தவள் நான்தான்.

படலையடியில் ஆள் சத்தம் கேட்டது. சாம்பல்தீவிலிருந்து யாரோ தூரத்துச் சொந்தக்காரர், ஒலிம்பிக் பிள்ளையைப் பார்க்க வந்திருந்தார்கள். எழும்பிப் போய்க் குரலைத் தாழ்த்திச் சொன்னேன்.

"பிள்ளை நித்திரை."

அன்றைக்கு அம்மாவை விசாரிக்க வந்தவர்களுக்கும் நான் அதைத்தான் சொல்லியிருக்க வேண்டும்.